தேதி போடாத ஐந்து ராஜினாமாக்கள்

போன மாதம் ஓய்வுபெற்ற ஆசிரியர்களுக்கு ஒரு பாராட்டு விழா வைத்தார்கள். சால்வை போட்டார்கள், லட்டு கொடுத்தார்கள், மைக்கைப் பிடித்தவர் விடவே இல்லை. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் ஏதோ ஒரு தனியார் கல்லூரியில் லெக்சரராம். பேச்சுவாக்கில் சொன்னார்: "சேரும்போதே வெள்ளைத்தாள்ல கையெழுத்து வாங்கிட்டாங்க சார். ஒரிஜினல் சர்டிபிகேட்டையும் வாங்கி பீரோவுல பூட்டிட்டாங்க."

"குடுத்துட்டீங்களா?" என்றேன்.

"எல்லாரும் குடுக்கறாங்களே சார்" என்று சிரித்தார்.

எனக்கு லட்டு இறங்கவில்லை. அதே வார்த்தையைச் சொல்லி அதே மாதிரி நானும் சிரித்திருக்கிறேன். எங்கள் ஆசிரியர் சங்கத்து ஆட்கள் ரொம்ப நாளாக "உங்க காலத்தப் பத்தி எழுதிக்குடுங்க வரதராசு சார்" என்று நச்சரிக்கிறார்கள். மெடல் வாங்கியது, பிள்ளைகள் பாஸானது என்றுதான் எதிர்பார்க்கிறார்கள். இதை எழுதுகிறேன், பிடித்தால் சங்க மலரில் போடட்டும்.

நான் பிறந்தது கரியமாணிக்கம். அப்பாவுக்குக் கொஞ்சம் நெல் நிலம். டவுனில் ஒரு சொந்தக்காரர் வீட்டில் தங்கி, அவர்கள் மாட்டுக்குப் புல் போட்டுக்கொண்டே பிரெஞ்சு படித்தேன், பிரெவே பரீட்சை பாஸ் பண்ணினேன், சர்க்கார் பள்ளிக்கூடத்தில் உதவி வாத்தியார் ஆனேன். என் படிப்பைப் பற்றி இதற்குமேல் யாருக்கும் தெரியவேண்டியதில்லை. ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன், என் கையெழுத்து நன்றாக இருக்கும். அடுத்தவர் கையெழுத்தைப் பார்த்தால் அதையும் அப்படியே போடுவேன். எனக்கு வந்த வினையெல்லாம் அதனால்தான்.

பிரெஞ்சுக்காரன் காலம். இரண்டாவது உலகச் சண்டைக்குச் சில வருஷம் முன்னால் என்னைப் பாகூர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடம் ஒன்றுக்குப் போட்டார்கள். ஊர்ப் பெயர் வேண்டாம். தலைமை ஆசிரியரை அப்போது திரெக்தேர் என்போம். அவர் பெயரும் வேண்டாம், பேரப்பிள்ளைகள் நல்லபடியாக இருக்கிறார்கள். அவருக்குக் கீழே நாங்கள் ஐந்து பேர்.

சேர்ந்த அன்றைக்கு என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். வெள்ளைக் கோட்டு, பொத்தான் கழுத்துவரைக்கும். நாற்காலி கொடுத்தார், காப்பி வரவழைத்தார். என் அப்பாவைப் பற்றி, நிலத்தைப் பற்றி அன்பாக விசாரித்தார். அப்புறம் ஒரு தாளை எடுத்து என் முன்னால் வைத்து, "எழுதுங்க" என்றார். பிள்ளைகளுக்கு டிக்டேஷன் சொல்வதுபோலப் பிரெஞ்சில் நிறுத்தி நிறுத்திச் சொன்னார். கமா, முற்றுப்புள்ளி எல்லாம் சேர்த்து. இரண்டாவது வரியில்தான் எனக்கு விளங்கியது. "என் சொந்தக் காரணங்களால் இந்தப் பதவியிலிருந்து விலகிக்கொள்ள உத்தரவளிக்குமாறு பணிவுடன் வேண்டுகிறேன்." என்னுடைய ராஜினாமாவை எனக்கே டிக்டேஷன் சொல்லிக்கொண்டிருந்தார்!

எழுதி முடித்ததும் வாங்கிப் பார்த்தார். ஒரு எழுத்தின் தலையில் கோடு விட்டுவிட்டேன். சிவப்புப் பென்சிலால் சுழித்து, "திருத்தி நல்ல காப்பி ஒண்ணு எழுதிக் குடுங்க" என்றார். எழுதிக்கொடுத்தேன். "தேதி எடத்த விட்டுடுங்க. அது தேவைப்பட்டா பாத்துக்கலாம். ஒண்ணும் இல்ல, இங்க ஒரு வழக்கம்" என்றார். நீல உறை ஒன்றில் போட்டு மேசை இழுப்பறையில் வைத்துப் பூட்டினார்.

வெளியே வந்தால் கனகசபை அண்ணன் நின்றுகொண்டிருக்கிறார். பெரிய வகுப்பு வாத்தியார், எங்கள் எல்லாருக்கும் மூத்தவர், ஐந்து பெண் பிள்ளைகள். "இன்னா, எழுதிக் குடுத்துட்டியா?" என்றார். தலையாட்டினேன். "எத்தினி தப்பு?" "ஒண்ணுண்ணே." "எனுக்கு மூணு" என்றார். இரண்டு பேரும் சிரித்தோம். எல்லாரும் கொடுத்திருக்கிறார்கள், நானும் கொடுத்தேன், அவ்வளவுதான்.

திரெக்தேர் சத்தம் போட்டு நான் ஒருநாளும் கேட்டதில்லை. கூப்பிட்டனுப்புவார், போய் நிற்போம். பேனாக்கத்தியால் பென்சில் சீவிக்கொண்டிருப்பார். ஒரு பென்சில், இரண்டு பென்சில், மூன்று பென்சில். நிமிர மாட்டார். அப்புறம், "கனகசபை, மூணாவது பொண்ணுக்கு மாப்பிள்ள பாக்கறீங்களாமே? சந்தோஷம். சர்க்கார் உத்தியோகஸ்தர் பொண்ணுன்னா நல்ல எடம் வரும்" என்பார். பார்வை மட்டும் இழுப்பறைப் பக்கம் போய்வரும். கனகசபை அண்ணன் வியர்வையைத் துடைத்துக்கொண்டு வெளியே வருவார். அதற்குப் பிறகு திரெக்தேர் எது சொன்னாலும் நடக்கும். லீவு நாளில் வந்து அவர் மாமனார் வீட்டுக் கல்யாணப் பத்திரிகைக்கு விலாசம் எழுதச் சொன்னாலும் எழுதுவோம். பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் ஞாயிறோடு வியாழக்கிழமையும் லீவு. எங்களுக்கு அதுவும் கிடையாது.

என் கையெழுத்தைப் பார்த்துவிட்டு ஆபீஸ் எழுத்துவேலையை என்மேல் கட்டினார். மாதாந்திரக் கணக்கு, டவுனுக்குப் போகும் கடிதம், எல்லாம் நான்தான். ஒவ்வொன்றுக்கும் கையெழுத்துப் போட அவருக்குச் சலிப்பு. அதனால் வெறும் தாளில் நாலைந்து கையெழுத்துப் போட்டு என்னிடம் கொடுத்துவைத்திருப்பார். அடுத்தவனிடம் தேதியில்லாமல் எழுதிவாங்கத் தெரிந்த மனுஷன், தன் கையெழுத்தை இப்படி வாரிவிட்டிருக்கிறாரே என்று ஒருநாளும் எனக்குத் தோன்றியதில்லை. அவருக்கும் தோன்றவில்லை. எங்களைப் பற்றி அவ்வளவு நிச்சயம் அவருக்கு.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். நான் சேர்ந்த இரண்டாம் வருஷம் சின்ன வகுப்பு வாத்தியார் ஒருவரோடு திரெக்தேருக்கு ஒத்துப்போகவில்லை. நீல உறையிலிருந்து அந்த வாத்தியாருடைய தாளை எடுத்து நீட்டி, "இன்னைய தேதி போடுங்க. அவர் கை மாதிரியே இருக்கட்டும்" என்றார். போட்டேன். அந்த மனுஷன் பெண்டாட்டி பிள்ளைகளோடு கடலூரில் கடை வைத்திருந்த மாமனிடம் போய்விட்டார். 'அவரே எழுதினது, நான் தேதிதானே போட்டேன்' என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தூக்கமும் வந்தது.

அவருடைய இடத்துக்கு வந்தவர் ஆரோக்கியம். சேரியிலிருந்து படித்து வந்த வேதக்காரப் பிள்ளை. அவர் அப்பா அப்போதும் அடுத்தவர் நிலத்தில் கூலிக்குத்தான் போய்க்கொண்டிருந்தார். அவரும் டிக்டேஷன் எழுதிக்கொடுத்தார். ஒரு தப்புகூட இல்லையாம். அது திரெக்தேருக்குப் பிடிக்கவில்லை என்றே நினைக்கிறேன்.

தை மாசி வந்தால் அந்தப் பக்கம் கரும்பு வெட்டு. பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் ஒரு பெரிய நிலக்காரர். அவரிடம் திரெக்தேருக்குப் பயம், டவுனில் எல்லாரையும் தெரிந்தவர் என்று. வெட்டுக் காலத்தில் ஆரோக்கியம் வகுப்பிலிருந்து கூலிக்காரர் வீட்டுப் பிள்ளைகள் பதினோரு பேர் கரும்புத் தோகை உரிக்கப் போய்விடுவார்கள். பெற்றவர்களைக் கேட்பார் யார்? நிலக்காரர் ஆள் வந்து கூட்டிப்போவான். வருஷா வருஷம் நடப்பதுதான். ஆனால் ஆஜர்ப் பட்டியலில் அவர்கள் 'வந்தார்கள்' என்று இருக்கவேண்டும், இல்லாவிட்டால் டவுனிலிருந்து கேள்வி வரும். முந்தைய வாத்தியார்கள் அப்படித்தான் எழுதினார்கள்.

ஆரோக்கியம் பதினோரு பேருக்கும் 'வரவில்லை' என்று போட்டார். திரெக்தேர் கூப்பிட்டுவிட்டார். நான் அந்த அறையிலேயே எழுதிக்கொண்டிருந்தேன்.

"இத மாத்தி எழுதுங்க" என்றார், பென்சிலைச் சீவிக்கொண்டே.

"பேரக் கூப்ட்டங்க. பதில் வர்ல. வந்தான்னு எப்டிங்க எழுதறது?"

"எல்லாரும் எழுதறதுதான்."

"நானும் தோகை உரிச்சவன்தாங்க. எங்க வாத்தியாரு எனுக்கு வர்லன்னுதான் போட்டாரு. அதப் பாத்து ஒரு அதிகாரி வந்து கேட்டதாலதான் எங்கப்பன் என்னிய திரும்பி பள்ளிக்கூடம் அனுப்பிச்சாரு."

திரெக்தேர் நிமிர்ந்து பார்த்தார். அதுவே எனக்குப் பயமாக இருந்தது.

மறுநாள் ஆரோக்கியத்தின் வகுப்பிலிருந்து நாற்காலி போய்விட்டது. ரிப்பேருக்காம். திரும்பி வரவே இல்லை. இரண்டு மாதம் நின்றுகொண்டே பாடம் நடத்தினார். தினம் காலையில் திரெக்தேர் அந்த வகுப்பு வாசலில் போய் நின்று, பிள்ளைகள் எதிரிலேயே பெயர்ப் பட்டியலை மூன்று தடவை கூப்பிடச் சொல்வார். உச்சரிப்பைத் திருத்துவார். ஆரோக்கியம் மூன்று தடவையும் கூப்பிட்டுவிட்டு, வராதவனுக்கு 'வரவில்லை' என்றே போடுவார். எங்கள் நான்கு பேருக்கும் நாற்காலி இருந்தது. மதியச் சாப்பாட்டு வேளையில் "வாங்க, இதுல உக்காருங்க" என்று ஒருத்தனாவது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சொன்னால் அடுத்து நம் நாற்காலி.

ஒரு புதன்கிழமை மதியம் திரெக்தேர் கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பினார். நிலக்காரர் வீட்டில் விருந்து. இழுப்பறைச் சாவியை என்னிடம் கொடுத்து, "ஆரோக்கியத்தோட தாள எடுத்து இன்னைய தேதி போடுங்க. ஒரு கவரிங் லெட்டர் எழுதி நாலு மணித் தபால்ல அனுப்பிடுங்க. கையெழுத்துப் போட்ட தாள் ஒங்ககிட்டயே இருக்குதே" என்றார். காப்பி கொண்டுவா என்று சொல்கிற குரல்.

நீல உறையைத் திறந்தேன். ஐந்து தாள். கனகசபை அண்ணனுடையது பழுத்துப் போய், மை பழுப்பாகி இருந்தது. என்னுடையது நடுவில். ஆரோக்கியத்தினுடையது மேலே, பளிச்சென்று. அடுத்த அறையில் அவர் நின்றுகொண்டு வாய்ப்பாடு சொல்லிக்கொடுப்பது கேட்டது. இன்னும் இரண்டு நாளில் அவரும் போகவேண்டியதுதான். எங்கே போவார்? கடலூரில் கடை வைத்திருக்கும் மாமனா இருக்கிறார்? அப்பாவோடு கரும்புக்குத்தான் போகவேண்டும்.

பேனாவை மையில் தொட்டேன். அரை மணி நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். நான் போடாவிட்டால் நாளை மறுநாள் திரெக்தேரே போட்டுக்கொள்வார். ஒரு தாள் போனால் ஒரு ஆள்தான் போவான். ஐந்தும் சேர்ந்து போனால் டவுனிலிருந்து கேள்வி வராமல் இருக்குமா? இது என்ன புத்தி என்று யோசிக்குமுன் என் தாளில் தேதி போட்டுவிட்டேன். அப்புறம் ஆரோக்கியத்தினுடையதில். அப்புறம் மற்ற இரண்டு சின்ன வகுப்பு வாத்தியார்களுடையதில். கடைசியாகக் கனகசபை அண்ணனுடையதில், அவர் கை மாதிரியே. திரெக்தேர் கையெழுத்துப் போட்ட தாளில், "இன்று என்னிடம் தரப்பட்ட ஐந்து ராஜினாமாக்களையும் இத்துடன் அனுப்பிவைக்கும் கௌரவம் பெறுகிறேன்" என்று பிரெஞ்சில் எழுதினேன். உறையை ஒட்டித் தபாலில் சேர்த்தேன்.

மறுநாள் வியாழக்கிழமை. காலையிலேயே கனகசபை அண்ணன் வீட்டுக்குப் போனேன். சொன்னேன். அவர் அப்படியே கட்டிலில் உட்கார்ந்துவிட்டார்.

"வெளையாடறியா, வரதா?"

"இல்லண்ணே."

"திருப்பி வாங்கிடலாமா?"

"போயிடுச்சுண்ணே."

உள்ளே பெண்கள் வீடு மெழுகிக்கொண்டிருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை மூன்றாவது பெண்ணை நிச்சயம் பண்ண வருவதாக இருந்தது. அவர் உள்ளே ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். ஆரோக்கியத்திடம் சொன்னபோது அவர் முகம் வெளுத்துவிட்டது. "எனுக்காகவா? நான் கேக்கலயே வாத்தியாரே. நான் ஒருத்தன் போனா போயிட்டுப் போறன்" என்றார். சின்ன வகுப்பு வாத்தியார்களில் ஒருவர் அழுதார். யாராவது கேட்டால் உள்ளதைச் சொல்வோம் என்று நாங்கள் நான்கு பேர் பேசிக்கொண்டோம். கனகசபை அண்ணன் அந்தப் பேச்சுக்கே வரவில்லை. அவர் ஒருவர் மட்டும், 'தெரியாமல் எழுதிவிட்டேன், திருப்பிக் கொடுங்கள்' என்று காலில் விழுந்தால் அவர் வேலை தப்பிக்கும். மூத்தவரே அப்படிச் சொன்னபிறகு எங்கள் பேச்சு எடுபடாது, ஆரோக்கியம் போனது போனதுதான்.

சனிக்கிழமை காலை கார் வந்து நின்றது. கல்வி இலாகா இன்ஸ்பெக்டர், வெள்ளைக்காரர், வெயிலில் சிவந்துபோயிருந்தார். திரெக்தேருக்கு ஒன்றும் தெரியாது, ஓடிவந்து கும்பிட்டார். எங்களையும் அறைக்கு அழைத்தார்கள். இன்ஸ்பெக்டர் ஐந்து தாளையும் மேசையில் வரிசையாகப் பரப்பினார். திரெக்தேர் அவற்றைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அவர் கையிலிருந்த பென்சில் கீழே விழுந்தது.

"இவன் செய்தது! மோசடி!" என்றார். அன்றைக்குத்தான் அவர் குரல் உயர்ந்தது.

"இருக்கட்டும். கடிதத்தில் உங்கள் கையெழுத்து இருக்கிறதே" என்றார் இன்ஸ்பெக்டர். பேசியதெல்லாம் பிரெஞ்சில்தான், நான் தமிழில் எழுதுகிறேன். அவர் கனகசபை அண்ணன் தாளைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தார். "எழுத்து பழைய மை. தேதி புதிய மை. ஐந்து பேர், ஒரே வாசகம், ஒரே இடத்தில் கமா. நானும் வாத்தியாராக இருந்தவன், டிக்டேஷன் எனக்குத் தெரியும். சொல்லி எழுதவைத்தது யார்?"

எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். "மூத்தவர் யார்?" என்றார். கனகசபை அண்ணன் ஓரடி முன்னால் வந்தார். திரெக்தேர் மெல்லத் தமிழில், "கனகசபை, நாளைக்கு நிச்சயதார்த்தம் இருக்குது இல்ல" என்றார்.

"இருக்குதுங்க" என்றார் அண்ணன். பிறகு இன்ஸ்பெக்டர் பக்கம் திரும்பி, அவருடைய முரட்டுப் பிரெஞ்சில் சொன்னார்: "திரெக்தேர் சொல்லச் சொல்ல எழுதினேன், ஐயா. மூன்று தப்பு இருந்தது. திருத்திக்கொடுத்தேன். தேதி நான் போடவில்லை."

அதற்குப் பிறகு எங்களுக்கும் வாய் வந்தது. தேதி போட்டவன் நான் என்று சொன்னேன். கடலூர் போனவருக்குப் போட்டதையும் சொன்னேன். ஆஜர்ப் பட்டியல் விஷயம் கேட்டபோது ஆரோக்கியம் பட்டியலையே கொண்டுவந்து வைத்தார். திரெக்தேர் நாற்காலியில் சரிந்து உட்கார்ந்துவிட்டார். "நான் சேரும்போது என் திரெக்தேரும் இப்படித்தான் வாங்கினார். எல்லா இடத்திலும் உள்ள வழக்கம்தானே?" என்றார். பொய் சொல்லவில்லை, நிஜமாகவே அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தார். அவர் கண் கலங்கியதைப் பார்க்க எனக்கே கஷ்டமாக இருந்தது.

இன்ஸ்பெக்டர் ஐந்து தாளையும் அவரவர் கையில் கொடுத்தார். ஆரோக்கியத்துக்கு வேலை நிலைத்தது. திரெக்தேர் உடம்பு சரியில்லை என்று எழுதிக்கொடுத்து மாற்றல் வாங்கிக்கொண்டார். எனக்கு அடுத்தவர் கையெழுத்தில் தேதி போட்டதற்காக ஒரு கண்டனக் கடிதமும், வில்லியனூர்ப் பக்கத்துக்கு மாற்றலும். கடலூர் போனவருக்கு மட்டும் எதுவும் ஆகவில்லை. அவருக்காக இலாகாவுக்கு எழுதிப் போட்டேன், பதில் இல்லை.

கார் போனதும் நான் கனகசபை அண்ணன் வகுப்புக்கு ஓடினேன். கட்டிப்பிடித்துக்கொள்வார் என்று நினைத்தேன், வெட்கமில்லாமல் சொல்கிறேன். அவர் தன் தாளைச் சுக்கல் சுக்கலாகக் கிழித்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, நல்லவேளை..." என்று ஆரம்பித்தேன்.

"பேசாத. ரெண்டு நாளா எம்பொண்ணுங்க மூஞ்சியப் பாக்க முடியல எனுக்கு. அந்தாளு எங்கிட்ட தாள வாங்கறப்பகூட எதுர்ல ஒக்கார வெச்சி, காப்பி குடுத்து, 'எழுதுங்க'ன்னு சொல்லி வாங்கனாரு. நீ அதுகூட சொல்லல. ஒரே தெருவுல வூடு. 'அண்ணே, இப்டி பண்ணப்போறன், இன்னா சொல்ற'ன்னு ஒரு வார்த்த கேட்டியாடா?"

"கேட்டா வாணாம்னு சொல்லியிருப்பீங்கண்ணே."

"சொல்லியிருப்பன். ஆமா, சொல்லியிருப்பன்! அதச் சொல்ல எனுக்கு பாத்தியத இல்லியா?"

நாலு மணித் தபால், நேரமில்லை என்றெல்லாம் சொல்லலாம். அரை மணி நேரம் சும்மா உட்கார்ந்திருந்தவன் நான். அவர் வகுப்பு முப்பது அடி தூரம்.

நிச்சயதார்த்தம் நல்லபடி நடந்தது, எனக்குச் சொல்லி அனுப்பவில்லை. அடுத்த வாரம் நான் கிளம்பும்போது ஆரோக்கியமும் மற்றவர்களும் வண்டி வரைக்கும் வந்தார்கள். அண்ணன் வரவில்லை. வண்டிக்காரனை நிற்கச் சொல்லிவிட்டு அவர் வகுப்பு வாசலில் போய் நின்றேன். கரும்பலகையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார்.

"ஒங்கள கேக்காம செஞ்சது தப்புதாண்ணே. மன்னிச்சிருங்க" என்றேன். பிள்ளைகள் எல்லாம் என்னையே பார்த்தார்கள். அவர் திரும்பவில்லை. முழுக் கணக்கையும் எழுதி முடித்தார், சாக்பீஸைக் கீழே வைத்தார், கையைத் தட்டிக்கொண்டார்.

"வில்லியனூரு ரொம்ப தூரம். வெயிலு ஏறதுக்குள்ள கெளம்பு, வரதா" என்றார்.